பாறை மேல் நின்று கேள்வி கேட்டவர்

அந்த அக்காவின் பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. வானொலியிலும் அவர் ஒரு நாளும் பெயர் சொன்னதில்லை. முதல் அழைப்பிலேயே கேட்டேன், யார், எங்கேயிருந்து என்று.

"நோர்வூட் பக்கம் ஒரு தோட்டங்க. பேரு வேணாம் தம்பி. சொன்னா கண்டாக்கையா காதுக்குப் போயிரும்."

தேயிலைக் கொழுந்து எடுக்கும் பெண்களை மலையில் நின்று வேலை வாங்குகிற உத்தியோகத்தரைத்தான் தோட்டத்தில் கண்டாக்கையா என்பார்கள். பெயர் போகாவிட்டாலும் குரல் போகுமே என்று சொல்ல நினைத்தேன். அதற்கு அவர் இடம் கொடுக்கவில்லை.

"இப்ப சொன்னீங்களே, மலை மேல தண்ணி சீக்கிரம் கொதிச்சிரும், ஆனா பருப்பு வேக நேரமாகும்னு. அத நீங்க செஞ்சு பாத்தீங்களா?"

அப்போது இலங்கை மலையகத்தில், ஹட்டனில் ஒரு சிறிய பொது வானொலியில், சனிக்கிழமைதோறும் பத்து மணிக்கு, அரைமணி நேர அறிவியல் நிகழ்ச்சி ஒன்றை நடத்திக்கொண்டிருந்தேன். முதல் இருபது நிமிடம் நான் பேசுவேன். கடைசிப் பத்து நிமிடம் நேயர்கள் பேசுவார்கள். அன்று பின்னேரமே அதைப் பாட்காஸ்டாக இணையத்தில் ஏற்றிவிடுவோம். நான் பேசுவது என்றால், வெள்ளிக்கிழமை மாலை இணையத்தில் அகப்பட்டதைத் தமிழாக்கிக் குரலை ஏற்றி இறக்கி வாசிப்பது. "விஞ்ஞானிகள் கூறுகிறார்கள்" என்று ஆரம்பித்துவிட்டால் எந்த விஞ்ஞானி, எங்கே கூறினார் என்று யார் கேட்கப் போகிறார்கள்? அந்தத் தைரியத்தில் ஒரு வருடம் ஓட்டியிருந்தேன்.

"இல்லீங்க, வாசிச்சதுதான்" என்றேன். பொய் யோசிக்க நேரம் கிடைக்கவில்லை.

"சரிங்க. அப்ப நாங்க பாத்துட்டு சொல்றோம்" என்று வைத்துவிட்டார்.

அடுத்த சனிக்கிழமை பத்து இருபத்தொன்றுக்கு எடுத்தார். நோர்வூட் கடையில் ஒரே மூட்டையிலிருந்து பருப்பு வாங்கி, இரண்டு பொட்டலமாகக் கட்டி, ஒன்றைப் பஸ்ஸில் எட்டியாந்தோட்டைக்கு அனுப்பியிருக்கிறார். அங்கே கீழே, ரப்பர் தோட்டமொன்றில் அவருடைய தங்கை இருக்கிறாள். ஒரே அளவுச் சட்டி, ஒரே அளவுத் தண்ணீர், இரண்டு பேர் காதிலும் போன். கொதி வந்ததா, வந்தது, போடு. மூன்று நாள் இப்படி. மூன்று நாளும் தங்கையின் பருப்புத்தான் முதலில் வெந்திருக்கிறது.

"எதுக்குங்க மூணு நாள்?" என்று கேட்டேன்.

"ஒரு நாளு வெறகு ஈரமா இருக்கும். ஒரு நாளு நமக்குக் கோவமா இருக்கும். மூணு நாளாச்சும் பாக்கணுங்க. நீங்க சொன்னது சரிதான். ஆனா தங்கச்சி வீட்டுக்காரரு மூணு நாளா வெறும் பருப்புதான் திங்கிறாராம். ஒங்க ரேடியோவத் திட்டுறாரு. அதையும் சொல்லச் சொன்னா."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எங்கள் தயாரிப்பாளர் மேசையில் தலையைக் கவிழ்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். யாழ்ப்பாணத்துக்காரர். லேசில் சிரிக்காத மனிதர். நிகழ்ச்சி முடிந்ததும் என்னிடம், "உவா திரும்ப எடுத்தா உடன லைனில போடும். நீர் வாசிக்கிறதை விட உவா கேக்கிறது நல்லா இருக்கு" என்றார். எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது. அதை மறைக்க மாட்டேன்.

அவர் வேலை செய்யும் மலையில் ஒரேயொரு பாறை மேல்தான் சிக்னல் விழும். பத்து மணித் தேத்தண்ணிக்கு விட்டதும், கையில் கோப்பையும் போனுமாக அந்தப் பாறையில் ஏறிவிடுவார். கூட வேலை செய்யும் பன்னிரண்டு பெண்கள் கீழே நின்று, அவர் மறந்ததை எடுத்துக் கொடுப்பார்கள். மழை பெய்தால் ஒருத்தி அவருக்கு மேலே படங்கைப் பிடிப்பாள். இடுப்பில் சுற்றிக்கொள்ளும் அந்தத் தடித்த துணியின் மேல் மழை விழும் சத்தம் எனக்கு ஹட்டன் வரைக்கும் கேட்கும். "அக்கா, செம்ப சொல்லுங்க, செம்ப சொல்லுங்க" என்று ஒரு நாள் பின்னால் ஒரே இரைச்சல்.

செம்பு விசயம் இதுதான். மலையில் நிகழ்ச்சியைக் கேட்கும்போது பன்னிரண்டு பேருக்கும் சத்தம் போதவில்லை. போனைக் கொழுந்துக் கூடைக்குள் வைத்துப் பார்த்திருக்கிறார்கள். கொழுந்து சத்தத்தைத் தின்றுவிட்டது. வெறும் கூடையில் வைத்தார்கள், அதிலும் உருப்படியில்லை. வெறும் செம்புக்குள் நிறுத்தியதும் பக்கத்து மலைக்கே கேட்டிருக்கிறது. சோற்றுப் பானை இன்னும் உத்தமம், ஆனால் அதை மலைக்குக் கொண்டுவந்தால் கண்டாக்கையா கேள்வி கேட்பார். இதை அவர் சொன்ன வாரம் என் இருபது நிமிடப் பேச்சை யாரும் நினைவில் வைத்திருக்கவில்லை. ஹட்டன் கடைத்தெருவில் மூன்று பேர் என்னை நிறுத்திச் செம்பைப் பற்றிப் பேசினார்கள்.

அட்டைக்கும் எனக்கும் அவர் வைத்த போட்டியை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வரும். காலில் சவுக்காரம், அதாவது சோப்பு, தேய்த்தால் அட்டை ஏறாது என்று ஒரு வாரம் சொன்னேன். மறுநாளிலிருந்து பன்னிரண்டு பெண்கள் இடது காலில் மட்டும் சவுக்காரம் தேய்த்துக்கொண்டு மலைக்குப் போனார்கள். வலது காலை அட்டைக்கு விட்டுவிட்டார்கள். ஒரு வாரம் கழித்து முடிவு வந்தது.

"காலையில ஏறலங்க. ஆனா பனித்தண்ணி பட்டுப் பட்டு, பத்து மணியோட சவுக்காரம் போயிருது. அதுக்குப் பெறகு அட்டைக்கு ரெண்டு காலும் ஒண்ணுதான். 'பத்து மணி வரைக்கும்'னு சேத்துச் சொல்லுங்க தம்பி."

"சேத்துடுறேங்க."

"இப்பவே சொல்லுங்க. இங்க எல்லாரும் நிக்கிறாங்க."

சொன்னேன். பாறைக்குக் கீழே கை தட்டினார்கள்.

வானொலியில் சொன்னது காற்றோடு போய்விடும் என்று நம்பி வளர்ந்தவன் நான். பாட்காஸ்ட் வந்து என் பிழைப்பில் மண்ணைப் போட்டது. அவர் பழைய நிகழ்ச்சிகளைத் தேடிக் கேட்பார், கேட்டதை நிமிடக் கணக்கோடு நினைவில் வைத்துக்கொள்வார். "ரெண்டு மாசம் முன்னுக்கு எட்டாவது நிமிசத்துல வேற மாதிரி சொன்னீங்களே?" என்பார். குரலில் சண்டை இருக்காது. கடையில் நேற்று வாங்கிய சாமானைத் திருப்பிக் கொடுப்பவர் குரல்தான். நான் போய்க் கேட்டுப் பார்ப்பேன். எட்டாவது நிமிடத்தில் வேறு மாதிரித்தான் இருக்கும்.

கொட்டாவி கதைதான் கண்டாக்கையாவை எங்கள் நேயராக்கியது. ஒருவர் கொட்டாவி விட்டால் பார்ப்பவருக்கும் வரும் என்று நான் வாசித்திருந்தேன். காலையில் வேலை பிரித்துக் கொடுக்க எல்லோரையும் வரிசையில் நிறுத்துவார்களே, அந்தப் பெரட்டில் அவர் இதைச் சோதித்தார். முதல் நாள் அவர் மட்டும் விட்டார். பின்னால் இரண்டு பேருக்கு வந்தது. இரண்டாம் நாள் நான்கு பேர் சேர்ந்து விட்டார்கள். மூன்றாம் நாள் முன்வரிசையே வாயைத் திறந்தது. பெயர் வாசித்துக்கொண்டிருந்த கண்டாக்கையா ஒரு பெயரின் நடுவில் நின்று, கண்ணீர் வழிய ஒரு நீளமான கொட்டாவி விட்டார். முடித்தபோது மீதிப் பெயர் மறந்துபோயிருந்தது. அதை அந்தப் பெண்ணே சொல்லிக்கொண்டாள்.

மறுநாள் பெரட்டில் கொட்டாவி விடக் கூடாது என்று உத்தரவு வந்தது. அந்தச் சனிக்கிழமை பாறையிலிருந்து அழைப்பு வந்தது.

"ஒரு சந்தேகங்க. கொட்டாவி விடக் கூடாதுன்னு சொல்றதக் கேட்டாலே கொட்டாவி வருதே, அது ஏங்க?"

யார் சொன்ன உத்தரவு என்று அவர் சொல்லவில்லை. தோட்டம் முழுவதற்கும் தெரிந்திருந்தது. அன்றிலிருந்து கண்டாக்கையா ஒரு நிகழ்ச்சி விடாமல் கேட்க ஆரம்பித்தார் என்று பிறகு அறிந்தேன். அப்போது எனக்கு அது பெருமையாக இருந்தது.

பாறை மேல் நின்று கேள்வி கேட்டவர் இப்போது தோட்டத்தில் இல்லை. மகள் கொழும்புப் பக்கம் கூட்டிப் போய்விட்டாள் என்று கேள்வி. அங்கே எல்லா இடத்திலும் சிக்னல் விழும், ஆனாலும் அழைப்பு வருவதில்லை. "வல்லுநர்கள் கருதுகிறார்கள்" என்று எழுதக் கை போகும்போதெல்லாம் என் வலது காது மடல் சூடாகும். அதற்கு வேறு காரணமும் உண்டு. அதைச் சொல்லத்தான் இவ்வளவும் சொன்னேன்.

ஒரு வெள்ளிக்கிழமை எனக்கு மூக்கொழுகும் தடிமன், சோம்பல் இரண்டும் இருந்தன. கையில் கிடைத்த ஒரு பக்கத்தை அப்படியே மொழிபெயர்த்தேன். மறுநாள் காலை வாசித்தேன்: "குளவிகள் தாமாக யாரையும் கொட்டுவதில்லை. நாம் தொந்தரவு செய்தால் மட்டுமே கொட்டும். அச்சம் வேண்டாம்." கடைசி இரண்டு சொற்கள் பக்கத்தில் இல்லை. அழகுக்காக நானே சேர்த்தவை.

அன்று பத்து இருபத்தொன்றுக்கு அழைப்பு வரவில்லை. தயாரிப்பாளர் கடிகாரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். யாரோ ஒருவர் பூண்டுலோயாவிலிருந்து வானவில்லைப் பற்றிக் கேட்டார். நானும் பதில் சொன்னேன்.

செவ்வாய்க்கிழமை அலுவலகத்துக்கு எடுத்தார். அன்றுதான் முதல் தடவையாக அவர் குரலில் அவசரம் இருந்தது.

அவர்கள் தோட்டத்தில் பதினோராம் நம்பர் மலையில் ஒரு பெரிய யூக்கலிப்டஸ் மரம். உச்சியில் குளவிக் கூடு. புத்தகத்தில் அதைப் பெருந்தேனீ என்று போட்டிருக்கிறது, தோட்டத்தில் குளவிதான். கொட்டு வாங்கியவருக்கு இரண்டும் ஒன்று. முந்தின வருடம் அது கலைந்து வந்து கொட்டியதில் வயதான ஒரு பெண் இறந்துபோனார். அவருக்கு அடுத்த நிரையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தவள் தப்பிவிட்டாள். அதிலிருந்து அந்த மலைக்கு யாரும் போவதில்லை.

"நேத்துப் பெரட்டுல கண்டாக்கையா போன தூக்கிப் புடிச்சு ஒங்க பேச்சப் போட்டுக் காட்டுனாரு. 'கேட்டீங்களா? ரேடியோவே சொல்லுது. நம்ம சும்மா இருந்தா அதுவும் சும்மா இருக்கும். போன வருசம் யாரோ சும்மா இருக்கல. மாசம் பொறந்ததும் அந்த மலைக்குப் போறோம்'னு சொன்னாரு. எல்லாரும் திரும்பி, அன்னைக்குத் தப்பிச்சவளத்தான் பாத்தாங்க."

"எதுக்கு அவங்களப் பாக்கணும்?"

"அன்னைக்கு அவ சத்தமா சிரிச்சா. கொஞ்ச நேரத்துல குளவி வந்துருச்சு. அவ சிரிச்சுத்தான் கலைஞ்சதுன்னு ஒரு பேச்சு ஏற்கனவே இருக்கு. செத்துப்போனவங்க மக ஒரு வருசமா இவ மொகத்துல முழிக்கிறதில்ல. இப்ப ரேடியோவும் சொல்லிருச்சா, நேத்துலருந்து அவளுக்குச் சோறு எறங்கல."

 அவரே தொடர்ந்தார்.

"அவள சிரிக்க வச்சது நாந்தாங்க. கண்டாக்கையா மாதிரி நடந்து காட்டுனேன்."

பிறகு கேட்டார்: "சிரிச்சதுக்குக் குளவி கலையுமா, தம்பி?"

அந்த நிகழ்ச்சியில் ஒன்றரை வருடமாகக் கேள்விகளுக்குப் பதில் சொன்னவன் நான். ஒரு தடவையும் சொல்லாததை அன்றுதான் சொன்னேன். "தெரியாதுங்க."

"சரி. நாங்க ஏழு நாளு பாக்குறோம். அடுத்த வாரம் வாங்க. பத்து மணிக்கு முன்னுக்கு வந்துருங்க. கண்டாக்கையாவ நீங்களே கூப்புடுங்க, ரேடியோன்னா வருவாரு."

அந்த ஏழு நாளும் அவர்களுக்குப் பத்தாம் நம்பர் மலையில் வேலை. அங்கிருந்து பார்த்தால் மரம் தெரியும். பன்னிரண்டு பேரும் முறை வைத்துக் கூட்டைக் கவனித்தார்கள். கூடு கலையும் ஒவ்வொரு தடவையும் ஒரு கூழாங்கல். மனிதர் செய்கையால் கலைந்தால் இடுப்பில் இடது பக்கம் தொங்கும் துணிப் பையில், மற்றதற்கு வலது பக்கப் பையில். இதோடு விட்டிருந்தால் அவர் அவர் இல்லை. ஒவ்வொரு நாளும் தேத்தண்ணி நேரத்தில் பன்னிரண்டு பெண்களும் மரத்தைப் பார்த்து நின்று சத்தமாகச் சிரித்திருக்கிறார்கள். முதல் நாள் தூரத்தில் நின்று, பிறகு நாளுக்கு நாள் கொஞ்சம் கிட்டப் போய். "மொதல்ல சிரிப்பே வரலங்க. பெறகு நிக்கல" என்று சொன்னார்.

நான் புதன்கிழமை போனேன். நோர்வூட் வரை பஸ், அங்கிருந்து ஆட்டோ, அதற்கு மேல் நடை. குரலை வைத்து ஆளைப் பெரிதாக நினைத்திருந்தேன். என் தோளுக்கும் எட்டாத, ஒல்லியான பெண். நரைத்த முடியை இறுக்கிக் கட்டியிருந்தார். வார் அறுந்த ஒரு கைக்கடிகாரத்தைக் கயிற்றில் கோத்துக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தார். "இவ்வளவு சின்ன ஆளா நீங்க?" என்று என்னைத்தான் அவர் கேட்டார்.

கண்டாக்கையா மோட்டார் சைக்கிளில் வந்தார். தலையைப் படிய வாரியிருந்தார். "ஒங்க நிகழ்ச்சிய விடாம கேக்குறேன் தம்பி. நல்லாச் சொன்னீங்க, இதுங்க எங்க நம்புதுங்க" என்று என் கையைக் குலுக்கினார். நானே நேரில் வந்து சாட்சி சொல்லப் போகிறேன் என்று நினைத்துவிட்டார். 

"ஐயா மரத்தடியில நின்னு காட்டுனா நாங்க நம்புறோம்" என்றார் அவர். பிறகு என்னைப் பார்த்து, "நீங்களும் போங்க தம்பி. நீங்கதானே சொன்னீங்க" என்றார்.

ஒலிப்பதிவுக் கருவியைப் பிடித்துக்கொண்டு நானும் போய் நின்றேன். ஒன்றும் நடக்கவில்லை. பத்து நிமிடம் போனது. கண்டாக்கையா என் மைக்கில் குனிந்து, "நேயர்களே, நான் இப்ப மரத்துக்கு நேர் கீழ நிக்கிறேன்" என்று ஒரு சிறு உரை நிகழ்த்தினார். நல்ல குரல். தொழிலை மாற்றிக்கொண்டிருக்கலாம். பிறகு திரும்பி, "போதுமா?" என்று கத்தினார்.

மலை ஓரத்தில் நின்றவர் கழுத்துக் கடிகாரத்தைத் தூக்கிப் பார்த்தார். "பத்தாதுங்கையா. நாங்கன்னா நாள் முழுக்க நிப்போம்ல. இன்னும் செத்த நேரம் நில்லுங்க."

மைக் ஓடிக்கொண்டிருந்தது. கண்டாக்கையாவால் முடியாது என்று சொல்ல முடியவில்லை. என்னாலும் முடியவில்லை.

பதினொரு மணி இருக்கும். மேலிருந்து ஒரு பெரிய பருந்து இறங்கியது. நேராகக் கூட்டில் மோதி, ஒரு துண்டைப் பிய்த்துக்கொண்டு எழும்பியது. முதலில் மழைத் தூறல் போல ஒரு சத்தம் கேட்டது. பிறகு எனக்கு ஒழுங்காக நினைவில்லை. தேயிலைச் செடிகளுக்கு நடுவே பள்ளத்தில் அவ்வளவு வேகமாக ஓட முடியும் என்று எனக்குத் தெரியாது. கண்டாக்கையா என்னை முந்தினார். எதிரே பெண்கள் ஓடி வந்து எங்கள் இரண்டு பேரையும் ஈரச் சாக்கால் மூடி, அமுக்கி உட்கார வைத்தார்கள். கீழே விழுந்த கருவி எல்லாவற்றையும் பதிவு செய்துகொண்டிருந்தது. இரண்டு பேர் அம்மா அம்மா என்று அலறுகிறார்கள். அந்தப் பகுதியைப் பாட்காஸ்டிலிருந்து வெட்டிவிட்டோம். கண்டாக்கையாவின் மானத்துக்காக வெட்டினோம் என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன்.

கண்டாக்கையாவுக்கு ஏழு கொட்டு, எனக்கு நான்கு. அதில் ஒன்று வலது காது மடலில். ஆஸ்பத்திரியில் பக்கத்துப் பக்கத்துக் கட்டில். பின்னேரம் பார்க்க வந்த அக்கா, என் போர்வை மேல் பைகளைக் கொட்டினார். வலது பையிலிருந்து இருபது கல்லுக்கு மேல் விழுந்தது. பருந்து, பலத்த காற்று, முறிந்து விழுந்த கிளை என்று ஒதுக்கி ஒதுக்கிக் காட்டினார். இடது பையிலிருந்து ஒரே ஒரு கல்.

"இது யாரு?" என்று வீங்கிய உதட்டோடு கண்டாக்கையா கேட்டார்.

"நீங்கதாங்கையா. வெள்ளிக்கெழம மரத்தடியில பைக்க நிப்பாட்டி சிகரெட் புடிச்சீங்கல்ல. பொகைக்குக் கொஞ்சம் கலைஞ்சுச்சு."



"சிரிப்புக்கு?" என்று நான் கேட்டேன்.

"ஏழு நாளு சிரிச்சோங்க. ஒரு கல்லும் விழல."  கற்களை அள்ளுவதுபோலக் குனிந்துகொண்டார்.

எனக்கு ஒரு சந்தேகம் அரித்துக்கொண்டிருந்தது. "அக்கா, பதினொரு மணிக்குப் பருந்து வரும்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

"ஏழு நாள்ல அஞ்சு நாளு அந்த நேரத்துக்கு வந்துச்சு. அஞ்சு நாள வச்சுத் தெரியும்னு சொல்லலாமா, தம்பி? நீங்கதான் படிச்சவங்க."

"ஆனா சாக்கெல்லாம் நனைச்சுத் தயாரா வச்சிருந்தீங்களே?"

"மழை வரும்னு நெனச்சோம்."

"மழைக்கு ஈரச் சாக்கா?"

அவர் பைகளின் வாயைக் கட்டுவதில் மும்முரமாக இருந்தார். எனக்கு அவர் மேல் கோபம் வரவேண்டும். வந்தது, ஆனால் நிற்கவில்லை. கொஞ்சம் பயம் மட்டும் மிச்சமிருந்தது. எங்களை நிறுத்திய இடத்தில் மாதம் பிறந்ததும் அந்தப் பன்னிரண்டு பேர் நின்றிருப்பார்கள். அவர்களுக்குச் சாக்கோடு ஓடிவர யாரும் இல்லை.

கண்டாக்கையா மெல்ல எழும்பி உட்கார்ந்தார். பிறகு, "பதினோராம் நம்பருக்கு யாரும் போக வேணாம். நான் தோட்டத் தொரைகிட்ட பேசிக்கிறேன்" என்றார். சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அந்தச் சனிக்கிழமை என் காது இரண்டு மடங்காக இருந்தது. ஹெட்போன் ஒரு பக்கம்தான் மாட்ட முடிந்தது. தயாரிப்பாளர், "எழுதினதை எல்லாம் வையும். சொல்ல வேண்டியதைச் சொல்லும்" என்றார். நான் எதையும் வாசிக்கவில்லை.

"குளவி, நாம் தொந்தரவு செய்தால் மட்டுமே கொட்டும் என்று இந்த நிகழ்ச்சியில் சொன்னேன். சரிபார்க்காமல் சொன்னேன். கூட்டைக் கலைப்பது பருந்தாக இருக்கலாம், காற்றாக இருக்கலாம். கொட்டு விழுவது கீழே கொழுந்து எடுப்பவர்களுக்கு. அவர்கள் சிரித்ததால் குளவி கலைந்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். பன்னிரண்டு பேர் ஏழு நாள் சிரித்துப் பார்த்தார்கள், கலையவில்லை. அச்சம் வேண்டாம் என்று நான் சொன்னது தவறு. அப்படிச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. மன்னித்துக்கொள்ளுங்கள்."

அழைப்பு விளக்கு எரிந்தது. அதே எண்தான். குரல் வேறு.

"நான்... அன்னைக்குச் சிரிச்சவங்க."

"சொல்லுங்க அக்கா."

 தயாரிப்பாளர் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், பேச விடும் என்று கை காட்டினார்.

"செத்துப்போனவங்க மக இங்க வந்துருக்கு. இப்பத்தான் வந்துச்சு. நீங்க சொன்னத அது கேக்கல. இன்னொரு தடவ சொல்வீங்களா, தம்பி?"

சொல்கிறேன் என்றேன். ஆரம்பிக்கப் போனபோது போனுக்கு அந்தப் பக்கம் எனக்குத் தெரிந்த குரல் கேட்டது. அது என்னோடு பேசவில்லை.

"அங்க நின்னா கேக்காது புள்ள. மேல ஏறி வா. அவ பக்கத்துலயே நில்லு."

யாரோ பாறையில் ஏறும் சத்தம் கேட்டது. மூச்சு வாங்கியது. இரண்டு பேரில் யார் அழுதது என்று எனக்குத் தெரியவில்லை. நான் முதல் வார்த்தையிலிருந்து மறுபடியும் சொன்னேன். பத்தரைச் செய்தி அன்று தாமதமாகத்தான் போனது.